சமையல் குறிப்புகளில் அளவும் நேரமும்: ஒரு வாசகரின் முறையீடு

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் வரும் சமையல் பக்கத்தை வாசிப்பதோடு நில்லாமல், அதில் எழுதியுள்ளபடியே செய்தும் பார்க்கிறவன் என்ற முறையில் இந்தக் கடிதத்தை எழுதுகிறேன். வாசிப்பதோடு நிறுத்திக்கொள்பவர்களுக்கு அந்தப் பக்கத்தில் ஒரு குறையும் தென்படாது. படங்கள் அழகாக இருக்கின்றன, பெயர்கள் நாவில் நீர் ஊற வைக்கின்றன, எல்லாக் குறிப்புகளும் ‘சூடாகப் பரிமாறவும்’ என்று மங்களமாக முடிகின்றன. அடுப்பைப் பற்ற வைத்துவிட்டு, மூக்குக் கண்ணாடியோடு அந்தப் பக்கத்தை மேடையில் விரித்துவைத்து, ஒவ்வொரு வரியாக நிறைவேற்ற முற்படுகிறவர்களுக்குத்தான் அதன் உண்மைச் சுபாவம் புரியும்.

நான் நில அளவைத் துறையில் பணியாற்றி ஓய்வு பெற்றவன். அறுபத்தாறு அடிச் சங்கிலிக்கு நூறு லிங்க் என்று கணக்குப் படித்து, ஒரு லிங்க் பிசகினாலும் அண்ணன் தம்பிகள் நீதிமன்றம் போய்விடுவார்கள் என்ற அச்சத்திலேயே காலத்தைக் கழித்தவன். மனைவியின் முழங்கால் வலியை முன்னிட்டு அடுப்படிப் பொறுப்பு என் கைக்கு வந்தபோது, அச்சில் வந்த குறிப்பு என்றால் அதில் அளவு இருக்கும் என்று நம்பித்தான் தங்கள் பக்கத்தைப் பிரித்தேன். என் முறையீடு ஒன்றே ஒன்றுதான். எண் சொல்லியே ஆக வேண்டிய இடங்களில் தங்கள் குறிப்புகள் எண் சொல்வதில்லை. எண்ணால் சொல்லவே முடியாத இடங்களில் மிகத் துணிச்சலாக எண் சொல்கின்றன.

வத்தக்குழம்பை எடுத்துக்கொள்வோம். ‘புளி – எலுமிச்சம்பழ அளவு’ என்று பட்டியல் தொடங்குகிறது. எங்கள் ஊர்க் காய்கறி அங்காடியில் ஒரே கூடையில் கிடக்கும் எலுமிச்சம்பழங்களிலேயே சிறியதற்கும் பெரியதற்கும் இரண்டு மடங்கு வேறுபாடு இருக்கிறது. சரி, ஒரு நடுத்தரமான பழத்தை முன்மாதிரியாக வைத்துக்கொண்டாலும், புளியை இறுக்கி உருட்டினால் ஓர் எடை, தளர்வாக உருட்டினால் வேறோர் எடை. கொட்டையும் கோதும் எடுத்த புளியா, எடுக்காததா என்பதற்கும் பதில் இல்லை. இந்த ஆண்டு இறங்கிய புதுப் புளியா, பானையில் உப்புப் போட்டு வைத்துக் கறுத்துப்போன பழம்புளியா என்பதற்கும் பதில் இல்லை. அதற்கடுத்த வாரம் ரசத்துக்கு ‘நெல்லிக்காய் அளவு’ என்று வந்திருந்தது. அரிநெல்லியா, பெருநெல்லியா? முன்னது சுண்டைக்காயைவிடச் சற்றுப் பெரியது. பின்னது சில சமயம் மேற்படி எலுமிச்சம்பழத்தையே எட்டிப் பிடித்துவிடும். ஆக, தங்கள் இணைப்பின் கணக்குப்படி ரசத்துக்கும் வத்தக்குழம்புக்கும் ஒரே அளவு புளி போட்டாலும் சட்டப்படி தவறில்லை. சமையலறையில் வைக்கும் சிறிய மின்னணுத் தராசு இன்று எல்லாப் பாத்திரக் கடைகளிலும் கிடைக்கிறது. ‘கொட்டை நீக்கிய புளி 30 கிராம்’ என்று எழுதிவிட்டால் இந்த வழக்கு முழுவதும் தள்ளுபடியாகிவிடும்.

‘கப்’ என்ற அளவையைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். மெட்ரிக் முறை 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழியாக வந்து கடைத்தெருவில் நிலைபெற்ற பிறகு, எங்கள் வீட்டுப் படியும் உழக்கும் பரணுக்குப் போய்விட்டன. இரண்டு ஆழாக்கு ஓர் உழக்கு, இரண்டு உழக்கு ஓர் உரி, இரண்டு உரி ஒரு படி என்று அவற்றுக்குள் ஓர் ஒழுங்கு இருந்தது. ஊருக்கு ஊர் படியின் கொள்ளளவு மாறியது உண்மைதான் என்றாலும், ஓர் ஊருக்குள் ஆழாக்கு என்றால் எல்லோர் வீட்டிலும் அதே ஆழாக்குத்தான். அந்த இடத்துக்கு வந்து உட்கார்ந்திருக்கும் ‘கப்’ யாருடையது? அமெரிக்கர்களின் கப் ஏறத்தாழ 240 மில்லி, ஆஸ்திரேலியர்களின் கப் 250 மில்லி, மின்சாரக் குக்கரோடு பெட்டியில் வரும் பிளாஸ்டிக் கப் பெரும்பாலும் 180 மில்லி. எங்கள் வீட்டில் காப்பி குடிக்கும் எவர்சில்வர் டம்ளர் இவற்றில் எதனோடும் ஒத்துப்போவதில்லை.

ஒரு கப் அரிசிக்கு இரண்டரைக் கப் தண்ணீர் என்று எழுதினால் எனக்கு ஆட்சேபம் இல்லை. எந்தப் பாத்திரத்தால் அளந்தாலும் விகிதம் மாறாது. அரிசிக்கும் தண்ணீருக்கும் அந்தப் பாத்திரத்தின் பெயர் தெரிய வேண்டியதுமில்லை. ஆனால் அண்மையில் வந்த முறுக்குக் குறிப்பில் ‘அரிசி மாவு 4 கப், உளுத்தம் மாவு 1 கப், வெண்ணெய் 50 கிராம்’ என்றிருந்தது. விகிதத்தில் ஒரு காலும் எடையில் ஒரு காலும் வைத்து நிற்கும் இந்தக் குறிப்பை நான் எங்கே கொண்டுபோய் நிறுத்துவது? 180 மில்லிக் கப்பால் மாவை அளந்தவருக்கு அந்த வெண்ணெய் அதிகம். பிழிந்த முறுக்கு எண்ணெயில் இறங்கிய உடனேயே உதிர்ந்துபோகும். 250 மில்லிக் கப்பால் அளந்தவருக்கு அதே வெண்ணெய் குறைவு; முறுக்கு உருவம் குலையாமல் வரும், ஆனால் கடிப்பதற்குத் துணிவு வேண்டும். எல்லாவற்றையும் கப்பிலேயே சொல்லுங்கள், அல்லது எல்லாவற்றையும் கிராமில் சொல்லுங்கள். இரண்டையும் கலப்பதாக இருந்தால் கப் எத்தனை மில்லி என்று பக்கத்தின் மூலையில் ஒரு வரி போடுவதற்கு இடமில்லாமல் போகாது.

‘உப்பு – தேவையான அளவு’ என்பதை எல்லோரும் கேலி செய்கிறார்கள். நான் அதை முழுவதும் எதிர்க்கவில்லை. குழம்பை, கூட்டை, சட்னியை இடையில் எடுத்து நாக்கில் வைத்துப் பார்க்கலாம், குறைந்தால் சேர்க்கலாம். கல்லுப்பு ஒரு தேக்கரண்டிக்கும் தூளுப்பு ஒரு தேக்கரண்டிக்கும் எடை வேறு என்பதால், அங்கே எண் சொல்வதைவிடச் சுவைத்துப் பார்க்கச் சொல்வதே பாதுகாப்பு. ஆனால் ஆவக்காய் ஊறுகாய்க்கும் அதே சொற்களை எழுதியிருந்தீர்கள். ஊறுகாயில் உப்பு சுவைக்காக மட்டும் போடுவதில்லை. அது கெடாமல் காப்பதும் உப்புத்தான். போட்ட அன்று சுவைத்துப் பார்த்து எதையும் தீர்மானிக்க முடியாது. பூஞ்சை பூத்த பிறகுதான் தேவையான அளவு எது என்பது தெரியவரும். தேவை எவ்வளவு என்று தெரியாததால்தானே ஐயா, நாங்கள் பத்திரிகையைப் பிரித்தோம்?

இனி, எண் இருக்கவே கூடாத இடங்களுக்கு வருகிறேன். ‘நறுக்கிய வெங்காயத்தைச் சேர்த்து ஐந்து நிமிடம் பொன்னிறமாக வதக்கவும்’ என்ற வாக்கியம் தங்கள் பக்கத்தில் ஏறக்குறைய ஒவ்வொரு வாரமும் வருகிறது. வெங்காயத்தின் எடையில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். அந்தத் தண்ணீர் வற்றுகிற வரையில் வாணலிக்குள் வெப்பம் நீரின் கொதிநிலையைத் தாண்டி அதிகம் ஏறாது. அதைத் தாண்டினால்தான் நிறம் மாறத் தொடங்கும். அரைக் கிலோ வெங்காயத்தை நடுத்தரத் தீயில், அடி கனத்த வாணலியில், பக்கத்திலேயே நின்று கிளறினாலும் பொன்னிறத்துக்கு அரை மணி நேரம் ஆகிறது. ஐந்து நிமிடத்தில் வருவது கண்ணாடிப் பதம். தீயைக் கூட்டினால் ஓரம் கருகும், நடு வேகாது. இதை நான் ஒரு மாலைப்பொழுதில் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி சோதித்துக்கொண்டிருந்தபோது, கூடத்தில் உட்கார்ந்திருந்த என் மனைவி, ‘ஏங்க, அவங்க வீட்டு வெங்காயத்துக்கு மட்டும் என்ன அவ்வளவு அவசரமாம்?’ என்று கேட்டார். அவர் தங்கள் பக்கத்தில் பலகாரத்தின் பெயரை மட்டும் படிப்பார். மீதியை அவருடைய மூக்கு பார்த்துக்கொள்ளும்.

இங்கே வேடிக்கை என்னவென்றால், ‘பொன்னிறமாக’ என்ற சொல் ஒன்றே போதுமானது. அது துல்லியமானது, அடுப்பு எதுவாக இருந்தாலும், வெங்காயம் பெல்லாரியானாலும் சின்ன வெங்காயமானாலும் பொருந்தக்கூடியது. அதன் பக்கத்தில் அந்த ஐந்து நிமிடத்தைக் கொண்டுவந்து நிறுத்தியதால்தான், எதை நம்புவது என்று தெரியாமல் பாதி வாசகர்கள் வெங்காயம் வெளுத்திருக்கும்போதே தக்காளியைக் கொட்டிவிடுகிறார்கள். ‘எண்ணெய் பிரியும் வரை’, ‘பச்சை வாசனை போகும் வரை’, ‘கரண்டியில் ஒட்டாமல் வரும் வரை’ ஆகியவையும் இப்படித்தான். நம் வீடுகளில் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வந்த இந்த அடையாளங்களைப் பழங்காலத்துப் பேச்சு என்று ஒதுக்கிவிட்டு நிமிடங்களைப் போட்டால் குறிப்பு விஞ்ஞானமாகிவிடும் என்று யாரோ தங்கள் அலுவலகத்தில் நினைத்திருக்கிறார்கள் என்று தோன்றுகிறது.

குக்கர் விசில் இதற்கு அடுத்தபடி. ‘துவரம்பருப்பை மூன்று விசில் விட்டு இறக்கவும்.’ விசில் என்பது உள்ளே நீராவியின் அழுத்தம் குறிப்பிட்ட எல்லையை எட்டியதும் மேலே உள்ள வெயிட் தூக்கிக்கொண்டு ஆவியை வெளியே விடுவதுதானே தவிர, அது நேரத்தை அளக்கும் கருவியன்று. பருப்பை வேகவைப்பது விசிலும் இல்லை; உள்ளே ஏறத்தாழ 120 டிகிரி செல்சியஸ் வரை உயர்ந்திருக்கும் வெப்பமும், அந்த வெப்பம் நீடிக்கும் நேரமும்தான். தீ முழுதாக எரிந்தால் மூன்று விசில் அடுத்தடுத்து வந்துவிடும், பருப்பு முழித்துக்கொண்டு கிடக்கும். தீயைத் தணித்தால் இரண்டாவது விசிலுக்கும் மூன்றாவது விசிலுக்கும் இடையில் நாளிதழ் முழுவதையும் படித்து முடித்துவிடலாம். கேஸ்கட் தளர்ந்துபோன குக்கரானால் ஆவி ஓரத்தில் கசிந்துகொண்டே இருக்கும், விசில் வரவே வராது. அந்த வீட்டுக்காரர் தங்கள் குறிப்பின்படி அடுப்பை அணைக்கவே கூடாது. போதாக்குறைக்குப் பருப்பு பழையதானால் வேக நேரமாகும். சுண்ணாம்புச் சத்து மிகுந்த ஆழ்துளைக் கிணற்று நீரானால் இன்னும் நேரமாகும். தங்கள் நாளிதழ் உதகமண்டலத்திலும் விற்பனையாகிறது. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும் என்பதால், திறந்த பாத்திரத்தில் சுண்டலுக்குத் தாங்கள் சொல்லும் நிமிடங்களும் அங்குள்ள வாசகருக்குப் பயன்படாது. ‘முதல் விசில் வந்ததும் தீயைக் குறைத்துப் பத்து நிமிடம் வைத்து அணைக்கவும், விரலால் நசுக்கினால் பருப்பு மசிய வேண்டும்’ என்று எழுதினால் எண்ணும் அடையாளமும் அதனதன் இடத்தில் வந்துவிடும்.

மோர்க்குழம்பைப் பற்றி ஒரு வரி: ‘நன்கு கொதிக்க விடவும்’ என்று அச்சாகியிருந்தது. நுரை கூடி வரும்போதே இறக்க வேண்டிய பொருள் அது. கொதிக்கவிட்டால் மோர் ஒருபுறமும் குழம்பு மறுபுறமுமாகப் பிரிந்து போய்விடும்.

அடையாளங்களுக்கு எண்ணைவிட அதிகத் துல்லியம் உண்டு என்பதற்குப் பாகைக் காட்டிலும் சிறந்த சாட்சி கிடையாது. 2020ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு பெற்ற கோவில்பட்டிக் கடலை மிட்டாயின் பெயரால் வந்த குறிப்பில், ‘வெல்லத்தைக் கரைத்துப் பத்து நிமிடம் பாகு காய்ச்சவும்’ என்றிருந்தது. எந்தப் பதம்? அதிரசத்துக்கு, ஒரு சொட்டைத் தண்ணீரில் விட்டு விரலால் கூட்டினால் மெத்தென்று உருண்டு வர வேண்டும். கடலை மிட்டாய்க்கும் பொரி உருண்டைக்கும், தண்ணீரில் உறைந்ததை எடுத்துத் தட்டில் போட்டால் டங்கென்று ஓசை வர வேண்டும். சர்க்கரைப் பாகில் மைசூர்பாகுக்கு, விரல்களுக்கு நடுவே ஒரு கம்பி இழுபட வேண்டும். மிட்டாய்த் தொழிலில் வெப்பமானி வைத்திருப்பவர்கள் கணக்கில் சர்க்கரையின் ஒற்றைக் கம்பிப் பதம் ஏறத்தாழ 105 டிகிரியில், மெத்தென்ற உருட்டுப் பதம் 112இலிருந்து 116 டிகிரிக்குள், உடையும் பதம் 150 டிகிரியை ஒட்டி. கண்ணாடிக் கருவி ஏதும் இல்லாமல், ஒரு கிண்ணம் தண்ணீரையும் ஒரு விரலையும் மட்டும் வைத்துக்கொண்டு நான்கு டிகிரிக்குள் கண்டுபிடித்தவர்கள் நம் வீட்டுப் பெண்கள். அதைத் தூக்கிப் போட்டுவிட்டு ‘பத்து நிமிடம்’ என்று எழுதுவதால் என்ன நடக்கிறது தெரியுமா? கால் கிலோ வெல்லம் போட்டவர் வீட்டில் அது பாத்திரத்தை விட்டு வராத கல்லாகிறது. ஒரு கிலோ போட்டவர் வீட்டில் கடலை மிதக்கும் பாயசமாகிறது. இரண்டு வீட்டிலும் குற்றம் சமைத்தவர் தலையில்தான் விழுகிறது.

நேரத்தைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கும்போது ‘தயாரிப்பு நேரம்’ என்ற கட்டத்தையும் விட்டுவிட முடியாது. வாழைப்பூ வடைக்கு அந்தக் கட்டத்தில் பத்து நிமிடம் என்று போட்டிருந்தது. வாழைப்பூவை மடல் மடலாகப் பிரித்து, ஒவ்வொரு பூவிலிருந்தும் தீக்குச்சி போல நீட்டிக்கொண்டிருக்கும் கள்ளனையும், அடியில் கண்ணாடி போலிருக்கும் சிறு தோலையும் நீக்கி, கறுக்காமலிருக்க மோர் கலந்த நீரில் நறுக்கிப் போட்டு, நடுவில் கையில் எண்ணெய் தடவ மறந்தால் விரல்களின் கறையையும் பார்த்துப் பெருமூச்சு விட்டு முடிப்பதற்குள் முன்பகல் முடிந்துவிடுகிறது. தங்கள் கணக்கில் அந்தப் பூ, கள்ளன் எடுக்கப்பட்டே மரத்திலிருந்து இறங்கியிருக்க வேண்டும். சின்ன வெங்காயம் உரிப்பது, தேங்காய் துருவுவது, முருங்கைக்கீரை ஆய்வது ஆகியவற்றுக்கும் தங்கள் கட்டங்களில் நேரமே ஒதுக்கப்படுவதில்லை. இவற்றை வீட்டில் வேறு யாரோ செய்து தருவார்கள் என்ற நினைப்பு அந்தக் கட்டத்துக்குள் ஒளிந்திருப்பதாக எனக்குப் படுகிறது. அந்த வேறு யாரோ இத்தனை காலம் யாராக இருந்தார் என்பது, இப்போது நானே உரிக்கிறபோதுதான் கண்ணெரிச்சலோடு தெரிகிறது.

பட்டியலில் இருக்கும் பொருள் செய்முறையில் காணாமல் போவதும், பட்டியலில் இல்லாத பொருள் செய்முறையில் திடீரென்று தோன்றுவதும் அச்சுப் பிழையாக இருக்கலாம். பிரியாணி ஒன்றின் பட்டியலில் இருந்த ஜாதிபத்திரியை நான் கடை கடையாகத் தேடி வாங்கி வந்தேன். அது இன்னமும் தன் முறைக்காக டப்பாவில் காத்திருக்கிறது. இதையெல்லாம் பொறுத்துக்கொள்ளலாம். பொறுத்துக்கொள்ள முடியாதது, நான்காவது பத்தியில், வாணலி காய்ந்து கடுகு வெடித்துக்கொண்டிருக்கும் நேரத்தில், ‘முந்தைய இரவே ஊறவைத்துள்ள கொண்டைக்கடலையைச் சேர்க்கவும்’ என்று வரும் வரிதான். முந்தைய இரவுக்குத் திரும்பிப் போகும் வழியையும் அந்த இடத்தில் அச்சிட்டிருக்கலாம். தேங்காய்ப்பால் சேர்க்கும் குறிப்புகளில், கொதிப்பதற்குரிய இரண்டாம் பாலா, இறக்கும் தறுவாயில் ஊற்ற வேண்டிய முதற்பாலா என்று சொல்லாமல் ‘தேங்காய்ப்பால் ஒரு கப்’ என்று முடித்துவிடுவதும் இந்த வகைதான்.

சமையல் கைப்பக்குவத்தால் வருவது, காகிதத்தைப் பார்த்து வருவதல்ல என்று எனக்குப் பதில் எழுதக்கூடிய வாசகர்கள் இருக்கிறார்கள் என்பதை அறிவேன். அவர்களிடம் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் கைப்பக்குவம் உள்ளவர்களுக்குத் தங்கள் பக்கம் தேவையில்லை. அதை நம்பி இருப்பவர்கள் என்னைப் போல் தாமதமாக அடுப்படிக்குள் வந்தவர்களும், வேலைக்காக வெளியூரில் அறை எடுத்துத் தங்கியிருக்கும் பிள்ளைகளும், சொல்லித்தர அம்மாவோ மாமியாரோ பக்கத்தில் இல்லாத புதுக் குடித்தனக்காரர்களும்தான். அவர்களுக்கு எழுதுகிறபோது, எழுதுபவர் அந்தக் குறிப்பை வேறு ஒருவர் கையில் கொடுத்து, தான் வாய் திறக்காமல் நின்று, அவர் எங்கெங்கே விழிக்கிறார் என்று ஒரு முறை பார்த்துவிட்டு அச்சுக்கு அனுப்பினால் பாதிச் சிக்கல் தீர்ந்துவிடும்.

தீபாவளிச் சிறப்பிணைப்பில் தீபாவளி மருந்துக்கான குறிப்பு இடம்பெறும் என்று அறிவிப்பு வந்திருக்கிறது. சுக்கு, மிளகு, கண்டந்திப்பிலி, சித்தரத்தை, ஓமம் ஆகியவற்றை ‘வகைக்குச் சிறிது’ என்று போடாமல் தனித்தனியாகக் கிராமில் எழுதும்படியும், வெல்லம் சேர்த்துக் கிளறும்போது எத்தனை நிமிடம் என்பதை விட்டுவிட்டு, நெய் பிரியும்போது இறக்குவதா, அதற்கும் முன்னால் கையில் ஒட்டாமல் உருளும்போதே இறக்குவதா என்பதைத் தெளிவாகக் குறிப்பிடும்படியும் கேட்டுக்கொள்கிறேன். சாமான்களை வாங்கிவர நாட்டு மருந்துக் கடைக்குப் போக வேண்டியிருப்பதால், குறிப்பைப் பண்டிகைக்கு முதல் நாள் வெளியிடாமல் அதற்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமையே வெளியிட்டால் நல்லது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நில அளவையர்,
ஸ்ரீரங்கம், திருச்சிராப்பள்ளி.